பதினாலாம் நம்பர் பாரா

போன மாதம் எங்கள் ஆபீசில் கம்ப்யூட்டர்கள் ஒரு நாள் முழுக்க வேலைநிறுத்தம் செய்தன. ஒரு கடிதம்கூட ஒழுங்காக வெளியே வரவில்லை. எந்த மேஜையில் உட்கார்ந்து எந்தக் கடிதம் அடித்தாலும், அதற்கான வாசகங்கள் ஒரே ஒரு பொதுக் கோப்பிலிருந்துதான் வருமாம். யாரோ ஒரு புண்ணியவான் அந்தக் கோப்பைச் சீர்திருத்திப் புதிதாகப் போட்டுவிட்டாராம். சரிசெய்ய வந்த பெண் எனக்குப் பொறுமையாக விளக்கினாள்.

"அந்தக் கோப்பைத் தனியாப் பாத்தா ஒரு தப்பும் இல்ல சார். ஆனா அதை நம்பிக்கிட்டு இருக்கிற மத்ததுக்கெல்லாம் அது மாறினது தெரியாது. அதான் சிக்கல்."

நான் ஒன்றும் அறியாதவன் போலத் தலையாட்டினேன். உண்மையில் இந்தத் துறையில் எனக்கு அவளைவிட முப்பது வருட சீனியாரிட்டி. கம்ப்யூட்டரைப் படத்தில்கூடப் பார்த்திராத காலத்தில், மரத்தால் செய்த ஒரு பெட்டியை வைத்துக்கொண்டு இதே நாசத்தை என் கைப்படச் செய்திருக்கிறேன்.

அறுபதுகளின் கடைசி. திருவொற்றியூரில் எண்ணெய்ப் பீப்பாய் செய்யும் தொழிற்சாலையில் எனக்குத் தட்டச்சர் வேலை. வேலை நிரந்தரமாகவில்லை, ஆறு மாதம் சோதனைக் காலம். பிரஸ் ஷாப்பில் தகரம் அடிக்கிற சத்தம் காலை ஏழரைக்கு ஆரம்பித்தால் மாலை வரை ஓயாது. ஆபீசில் யாரும் யாரிடமும் மெதுவாகப் பேசி நான் கேட்டதில்லை. ரகசியம் என்றால்கூடக் கத்தித்தான் சொல்லவேண்டும். அந்தச் சத்தத்தில் ஓர் அதிகாரி கடிதத்தை வாயால் சொல்ல, ஒரு தட்டச்சர் அதைக் காதால் வாங்கி அடிப்பதென்பது நடக்காத காரியம். அதற்காகவே எங்களிடம் 'பொட்டி' இருந்தது.

நீளமான மரப்பெட்டி. உள்ளே தடித்த அட்டைகள். ஒவ்வோர் அட்டையிலும் ஆங்கிலத்தில் ஒரு பாரா, மூலையில் ஓர் எண். பெயர், தேதி, நேரம் வரவேண்டிய இடத்தில் வெறும் புள்ளிக்கோடு. அதிகாரி ஒரு துண்டுச் சீட்டில் ஆள் பெயரையும் எண்களையும் எழுதி அனுப்புவார். '3, 14, திங்கள், ஏழரை மணி' என்று இருந்தால், மூன்றாம் அட்டையையும் பதினாலாம் அட்டையையும் உருவி, புள்ளிக்கோட்டில் திங்களையும் ஏழரையையும் நிரப்பி அடிக்கவேண்டும். கடிதத்தின் இடது கீழ் மூலையில் அடித்தவரின் முதலெழுத்தும், '3/14' என்று பாரா எண்களும் பொடியாக இருக்கவேண்டும். அவ்வளவுதான். நாலு தட்டச்சர்களுக்கும் ஒரே பொட்டி. சம்பளப் பிரிவு, ஆள் எடுக்கும் பிரிவு, ஸ்டோர்ஸ் எல்லோருடைய கடிதமும் அதிலிருந்துதான் பிறக்கும்.

நாளடைவில் அந்த எண்களே எங்கள் பாஷையாகிவிட்டன. பதினேழு என்றால் விளக்கம் கேட்டு வரும் மெமோ. பதினாறு என்றால் 'வருந்துகிறோம், தற்சமயம் வேலை காலியில்லை.' பதினாலு என்றால் 'தாங்கள் தேர்ந்தெடுக்கப்பட்டிருக்கிறீர்கள், இன்ன நாளில் வந்து சேரவும், தவறினால் வரிசையில் அடுத்தவருக்குப் போய்விடும்.' கேன்டீனில் ஒருவன் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தால், "இன்னாடா, மூஞ்சி பதினேழா கீது?" என்பார்கள். பெண் கேட்டுப் போய்த் திரும்பியவன், "பதினாறு குடுத்துட்டாங்க மாமு" என்று சொல்லி டீயைக் குடிப்பான்.

பொட்டியில் ஒரே ஒரு குறை என் கண்ணை உறுத்தியது. ஆறாம் அட்டையும் பதினொன்றாம் அட்டையும் கிடையாது. எந்தக் காலத்திலோ ரத்தான வாசகங்கள். அந்த இரண்டு இடத்திலும் எழுத்தில்லாத வெற்று அட்டைகள் நின்றுகொண்டிருந்தன. முன்வாயில் பல் போனவன் சிரிப்பதுபோல இருக்கும் எனக்கு. வந்து நாலு மாதத்தில் உலகத்தைத் திருத்திவிடவேண்டும் என்று துடித்துக்கொண்டிருந்த வயது. ஒரு வியாழக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் எல்லோரும் கேன்டீனுக்குப் போனதும் வெற்று அட்டைகள் இரண்டையும் உருவிக் குப்பையில் போட்டேன். ஆறிலிருந்து எல்லா எண்ணையும் அழித்து, ஓட்டையில்லாமல் வரிசையாகச் சிவப்பு மையில் எழுதினேன். முப்பத்தாறு முப்பத்துநாலாயிற்று. பார்க்க அவ்வளவு அழகு. யாரிடமும் சொல்லவில்லை. தானாகக் கண்டுபிடித்து, 'யார் செய்த வேலை இது?' என்று வியந்து கேட்கட்டும் என்று வைத்திருந்தேன். கேட்டார்கள்.

அன்று மதியமே, மற்றவர்கள் சம்பளப் பட்டியலில் மூழ்கியிருக்க, எனக்கு மட்டும் மூன்று சீட்டு வந்தது. ஒன்றில் பதினாலு, ஒன்றில் பதினாறு, ஒன்றில் இருபது. அதிகாரிகள் எழுதியது அவர்கள் தலையில் ஊறிப்போன பழைய எண். ஒரு மணி நேரத்துக்கு முன்னால்தான் கையில் சிவப்பு மை படப்பட எண்களை மாற்றிய மகானுபாவன் நான், சீட்டில் பதினாலு என்றால் பெட்டியில் பதினாலை உருவி, விரல் போன போக்கில் அடித்துத் தள்ளினேன். அடித்ததைப் படிக்கும் வழக்கம் எங்கள் யாருக்கும் இல்லை. கையெழுத்துப் போட்ட பெர்சனல் ஆபீசருக்கும் இல்லை. அவர் டெலிபோனைத் தோளில் இடுக்கிக்கொண்டு, தாளின் கீழ்ப்பகுதியை மட்டும் பார்த்தபடி போட்டுக்கொண்டே போவார்.

வெள்ளிக்கிழமை மாத அறிக்கை அடிக்கிற நாள். பொட்டியை யாரும் திறக்கவில்லை. அது சாதுவாக மூலையில் இருந்தது.

சனிக்கிழமை காலை எங்கள் தலைமைத் தட்டச்சர் கையில் ஒரு சீட்டோடு பொட்டி முன்னால் நின்றார். பெரம்பூர் ரயில்வே குடியிருப்பிலிருந்து வரும் ஆங்கிலோ இந்தியப் பெண்மணி. பூப்போட்ட கவுன், மூக்குக்கண்ணாடிக்கு ஒரு சங்கிலி. இருபது வருடமாக அந்தப் பொட்டியை அவர்தான் காத்துவருகிறார்.

"முப்பத்தாறு எங்கே மேன்?"

"அது இப்ப முப்பத்துநாலு மிஸ்" என்றேன், பரிசு வாங்கப் போகிறவன் குரலில். "நடுவுல காலியா இருந்ததை எடுத்துட்டு வரிசையாப் போட்டுட்டேன்."

அவர் என்னைப் பார்த்தார். பொட்டியைப் பார்த்தார். சங்கிலியைப் பிடித்துக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு மறுபடி என்னைப் பார்த்தார்.

"எப்ப செஞ்சே?"

"வியாழக்கிழமை லஞ்சுல."

"அப்புறம் லெட்டர் அடிச்சியா?"

மூன்று விரலைக் காட்டினேன். அவர் கார்பன் நகல்களை எடுத்து மேஜையில் பரப்பினார். லீவு கேட்டிருந்த ஃபோர்மனுக்கு, குடியிருப்பை உடனே காலிசெய்யச் சொல்லிக் கடிதம் போயிருந்தது. வேலை கேட்டு விண்ணப்பித்து, இல்லை என்ற பதிலுக்குரிய ஒருவருக்கு, 'தங்களுடைய நீண்டகால, விசுவாசமான சேவைக்கு நன்றி' என்று போயிருந்தது. மூன்றாவது, காசிமேட்டுக்காரர் ஒருவருக்கு. வெல்டிங் பரீட்சையில் முதலாவதாக வந்தவர். 'வருந்துகிறோம், தற்சமயம் வேலை காலியில்லை.'

"ஃபோர்மன் லெட்டர் பியூன் பையிலதான் இருக்கும், அதை நான் பாத்துக்குறேன்" என்றார் மிஸ். "அந்த ரெண்டாவது ஆளுக்கு வேற லெட்டர் தபால்ல போகட்டும். ஆனா இந்த வெல்டர்? திங்கக்கிழமை ஏழரைக்கு அவன் கேட்ல நிக்கணும் மேன். வரலைன்னா அடுத்தவனைக் கூப்பிட்டுடுவாங்க. அவன் வேலையை நீ சாப்பிட்டுட்டே."

அவசர அவசரமாகச் சரியான கடிதத்தை அடித்தேன். மிஸ் அதை மற்ற தாள்களுக்கு நடுவில் செருகிக் கையெழுத்து வாங்கிவந்தார். "ஓடு" என்றார்.

ஓடினேன், சைக்கிளில். எண்ணூர் நெடுஞ்சாலையில் அன்று என்னைப் பார்த்தவர்கள், பின்னால் புலி துரத்துகிறதோ என்று திரும்பிப் பார்த்திருப்பார்கள். ஆளே இல்லாத இடத்தில் மணி அடித்தேன். எதிரே வந்த தார் லாரியை முறைத்தேன். இடது பக்கம் கடல் பாட்டுக்குக் கடலாக இருந்தது. நான் வாய்விட்டு ஒத்திகை பார்த்துக்கொண்டு போனேன்: 'ஐயா, ஒரு சிறு எழுத்துப்பிழை.' வேண்டாம். 'ஐயா, மெஷின் கோளாறு.' அதுவும் வேண்டாம். 'ஐயா, என்னை அடிக்காதீர்கள்.' இதுதான் இயல்பாக வந்தது. தண்டையார்பேட்டை தாண்டும்போது செயின் கழன்றது. அதை மாட்டி, கிரீஸ் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு காசிமேட்டுக் கரையில் போய் இறங்கியபோது, என்னைப் பார்த்த ஒரு நாய் எழுந்து வேறிடம் போய்ப் படுத்தது.

உறையில் இருந்த பெயரைச் சொன்னதும், மீன் கூடைகளுக்கு நடுவே ஓர் அம்மாளைக் காட்டினார்கள். வெல்டரின் தாய். அகலமான உடம்பு, முழங்கை வரை மீன் செதில் மின்னியது. எனக்கு முன்னால் ஒரு வஞ்சிரத்தைத் தூக்கிப் பிடித்தார்.

"இன்னா நைனா, துண்டு போடவா?"

"மீன் வேணாம்மா. உங்க பிள்ளை எங்கே?"

"லாஞ்சுல பூட்டான். விடிகாலைல போச்சே."

"கடலுக்கா!" என்று நான் போட்ட கூச்சலில் பக்கத்துக் கூடைக்காரி அரிவாள்மனையை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். "கம்பெனி லெட்டர் வந்துதா?"

"வந்துச்சே, நேத்து."

எனக்குத் தெரிந்துபோயிற்று. பிள்ளை கடிதத்தைப் பார்த்திருக்கிறான், மனசு விட்டுப்போய்க் கடலுக்குப் போய்விட்டான். எத்தனை நாள் கழித்துத் திரும்புவானோ? திரும்புவானா? சினிமாவில் வருவதெல்லாம் என் கண்முன் ஓடியது. அந்த ஈரமணலில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். கண்ணில் தண்ணீர் வந்தது. கிரீஸ் உள்ளே போய்விட்டதால் எரிச்சல் என்று இன்றும் சொல்லிக்கொள்கிறேன்.

"யம்மா, தப்பு என்னோடதும்மா. மன்னிச்சுடுங்க. உங்க பிள்ளையை எப்படியாவது..."

"இன்னாத்துக்கு அழுவுற நீ?" அந்த அம்மாள் குழம்பிப்போனார். "கடேசியா ஒரு தபா போய்ட்டு வரேன்னு போய்கீறான். திங்கக்கெழமைலேர்ந்து கம்பெனி. நாளைக்கு பூசைக்கு வந்துருவான். நீ யாரு?"

"கம்பெனியா? லெட்டர்ல என்ன இருந்துதுன்னு..."

இடுப்புச் சுருக்குப்பையிலிருந்து நாலாக மடித்த தாளை எடுத்தார். நான் அடித்ததேதான். 'வருந்துகிறோம்' என்ற ஆங்கில வரி பட்டவர்த்தனமாக இருந்தது. அவர் அதன்மேல் கண்ணைக்கூட ஓட்டவில்லை. செதில் ஒட்டிய விரலைத் தாளின் கீழ் மூலையில் வைத்தார்.

"பதினாலு போட்டுகீதுல்ல? அப்புறம் இன்னா?"

நான் அந்த மூலையையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தேன்.

"எந்தம்பி அங்கதான் பிரஸ்ல கீறான். மூணு தபா பதினேழு வாங்கிகீறான். எனுக்குத் தெரியாத நம்பரா? மேல இங்கிலீசுல ஆயிரம் எழுதுவாங்க நைனா. கீழ நம்பருதான் மெய்யி."

அப்பாடா என்று நான் அங்கேயே எழுந்து சைக்கிளை எடுத்திருக்கவேண்டும். ஆனால் கடமை என்று ஒன்று இருக்கிறதே. "இல்லம்மா, மேல எழுதியிருக்கறது தப்பு. அதைக் குடுத்துட்டு இதை வாங்கிக்குங்க. இதுதான் சரியான லெட்டர்" என்று புதுக் கடிதத்தை நீட்டினேன்.

அவர் வாங்கினார். நேராகக் கீழ் மூலையைப் பார்த்தார். முகம் மாறியது.

"பன்னெண்டா?"

அப்போதுதான் நானும் பார்த்தேன். அவசரத்தில் அட்டை மூலையில் நான் சிவப்பு மையில் எழுதிய புது எண்ணை அப்படியே அடித்திருந்தேன். பொட்டியின் பழைய கணக்கில் பன்னிரண்டு என்றால் 'மறுபடியும் பரீட்சைக்கு வரவும்.'

"பதினாலு குடுத்துட்டு இப்ப வந்து பன்னெண்டு நீட்டுற? மறுபடியும் பரிட்சையா எம்புள்ளைக்கி?"

"இல்லம்மா, பன்னெண்டுதான் இப்ப பதினாலு..."

"அடியே, இங்க வாங்கடி! இவன் இன்னா சொல்றான் கேளு! பன்னெண்டுதான் பதினாலாம்!"

கூடைகளை விட்டுவிட்டு ஏழெட்டுப் பெண்கள் என்னைச் சூழ்ந்துகொண்டார்கள். "எவனுக்கோ அந்தப் பதினால குடுக்கப் பாக்குறாங்க யக்கா, உடாத!" என்றாள் ஒருத்தி. "மூஞ்சப் பாரு, கரியப் பூசிக்கினு வந்துகீறான்" என்றாள் இன்னொருத்தி. "கம்பெனி ஆளுன்னு சொல்லிக்கினு டபாய்க்குறியா?" என்றாள் அரிவாள்மனைக்காரி, அரிவாள்மனையை வைக்காமலே. நான் பொட்டி, வெற்று அட்டை, சீரமைப்பு என்று விளக்க ஆரம்பித்தேன். விளக்க விளக்க எனக்கே நான் மோசடிக்காரன் போலத் தோன்றியது.

கடைசியில் தாய்க்காரிக்கே என்மேல் இரக்கம் வந்தது. "பாவம், யாரோ அனுப்பிச்சிகீறாங்க. பயந்துகினு கீது" என்றார். பழைய கடிதத்தைச் சுருக்குப்பையில் போட்டு இறுக்கிக்கொண்டார். புதுக் கடிதத்தில் நாலு கானாங்கெளுத்தியை வைத்துச் சுருட்டி என் கையில் திணித்தார். "வூட்ல கொழம்பு வெச்சித் தின்னு. இந்த மாரி கலீஜ் வேலைக்கெல்லாம் இனிமே வராத."

பெர்சனல் ஆபீசரின் கையெழுத்து மீன் ஈரத்தில் ஊறி நீலமாகக் கரைந்துகொண்டிருந்தது. சனிக்கிழமை ஒரு மணிக்கு ஆபீஸ் பூட்டிவிடுவார்கள். இன்னொரு கடிதத்துக்கு வழியில்லை. ஞாயிற்றுக்கிழமை வெல்டரிடமே விஷயத்தைச் சொல்லிவிடலாம் என்று ராயபுரத்தில் பூசை முடிகிற நேரத்துக்கு மாதா கோயில் வாசலில் போய் நின்றேன். கூட்டத்தில் அந்த அரிவாள்மனைக்காரி வெள்ளைச் சேலையில் வருவதைப் பார்த்ததும், எனக்கு வீட்டில் முக்கியமான வேலை ஒன்று ஞாபகம் வந்துவிட்டது.

திங்கட்கிழமை ஆறே முக்காலுக்கே கேட்டில் நின்றேன். ஏழு இருபதுக்கு அவன் வந்தான். என் வயதுதான். தலைக்கு எண்ணெய் வைத்துப் படிய வாரியிருந்தான், வெயிலிலும் உப்பிலும் முகம் செம்பாகக் காய்ந்திருந்தது, சட்டையின் மடிப்பு கலையாமல் கையைக் கொஞ்சம் விரித்தபடி நடந்தான். கடிதத்தை எடுத்து வாட்ச்மேனிடம் நீட்டினான். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன். வாட்ச்மேன் தாளைத் தலைகீழாக வாங்கி, நிமிர்த்தி, கீழே பார்த்தார்.

"பதினாலா? போ, போ. டைம் ஆபீஸ் அந்தாண்ட."

வருகை பதியும் டைம் ஆபீஸ் கிளார்க் படித்தவர், ஆங்கிலம் நன்றாகவே தெரியும். அவரும் கீழேதான் பார்த்தார். "பதினாலு, வெல்டிங்" என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டே டோக்கன் நம்பர் எழுதினார். நான் விட்ட மூச்சில் அவர் மேஜையிலிருந்த தாள் பறந்தது. "நீ ஏன்யா இங்க நிக்கிற?" என்றார்.

மிச்சம் பெர்சனல் ஆபீசர். சேருகிறவர்களின் கடிதத்தை அவர்தான் வாங்கிக் கோப்பில் போடவேண்டும். அவர் அறை வாசலில் தூண் மாதிரி நின்றேன். மிஸ் தன் மெஷினிலிருந்து கண்ணாடிக்கு மேலாக என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். வெல்டர் உள்ளே போனான். டெலிபோன் அன்று ஏனோ அடிக்கவில்லை. தோளில் இடுக்க ஒன்றும் இல்லாததால் அவர் கடிதத்தைப் படித்துவிட்டார்.

"என்னப்பா இது? வேலை இல்லைன்னு எழுதியிருக்கு. நீ பாட்டுக்கு வந்து நிக்கிறே?"

வெல்டர் சிரிப்பு மாறாமல் சொன்னான்: "கீழ பதினாலு போட்டுகீது சார்."

அவர் கீழே பார்த்தார். மேலே பார்த்தார். மறுபடி கீழே வந்தபோது எண்ணுக்கு மேலே இருந்த கையெழுத்தில் அவர் கண் நின்றது. அவருடைய கையெழுத்து. அவசரமில்லாத, சுழித்துப் போட்ட, இரண்டு புள்ளி வைத்த கையெழுத்து. என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன். படிக்காமல் அடித்தவனும் படிக்காமல் கையெழுத்திட்டவரும், படிக்கவே வேண்டியில்லாமல் சரியாக வந்து நின்றவன் முன்னால் மாட்டிக்கொண்டிருந்தோம்.

கடைசியில் அவர் பேனாவை எடுத்தார். "சரி, பதினாலுன்னா பதினாலுதான்" என்று கடிதத்தின்மேல் 'சேர்ந்தார்' என்று எழுதித் தேதி போட்டார். வெல்டரைப் பியூனோடு ஷாப்புக்கு அனுப்பினார். அப்புறம் என்னை உள்ளே கூப்பிட்டுப் பேசியதை இங்கே எழுதப்போவதில்லை. அதில் எந்த பாராவும் பொட்டியில் இருந்து வந்ததல்ல, எல்லாம் சொந்தச் சரக்கு. வெளியே வந்தபோது மிஸ் இரண்டு வெற்று அட்டைகளை என் மேஜையில் வைத்திருந்தார். பக்கத்தில் ஒரு ரப்பர், ஒரு பிளேடு. சிவப்பு மையைச் சுரண்டிப் பழைய எண்களை எழுதி முடிக்க எனக்கு மூன்று நாள் சாப்பாட்டு நேரம் பிடித்தது.

நாலு பக்கமும் தகரச் சத்தம், நடுவில் மிஸ்ஸின் மெஷின், கேன்டீனில் எண்களிலேயே நடக்கும் வம்பு. அந்த நாள் இனி வராது. மிஸ் ஓய்வு பெற்று ஆஸ்திரேலியாவுக்கு மகளிடம் போய்விட்டார். பொட்டியை எப்போதோ ஸ்டோர்ஸில் கொண்டுபோய்ப் போட்டார்கள். அந்த வெல்டர் மட்டும் இருக்கிறார். இப்போது வெல்டர்களை மேய்க்கும் சார்ஜ்மேன், பேரன் எடுத்துவிட்டார். எங்கள் ஆபீசுக்குப் புதிதாக ஓர் அதிகாரி வரும்போதெல்லாம், பதவி உயர்வுக்கோ சம்பளத் திருத்தத்துக்கோ அவருடைய கோப்பைத் திறப்பார். திறந்த ஐந்தாவது நிமிடம் எனக்கு அழைப்பு வரும்.

"இவரோட ஃபைல்ல முதல் தாளே, வேலை கிடையாதுன்னு இருக்கே? அப்படின்னா இத்தனை வருஷமா இவர் இங்க என்ன பண்றார்?"

"வெல்டிங் சார்" என்பேன்.